அக்கறையும் அக்கரெயும்

ஒரு சின்னச் சோதனை. இன்று ராத்திரி சாப்பிட்டு முடித்ததும் மனைவியிடமோ கணவரிடமோ போய், "எனக்கு உன் மேல ரொம்ப அக்கறை" என்று சொல்லிப் பாருங்கள். முகம் மலராது. "ஏன், ரிப்போர்ட்ல ஏதாவது வந்திருக்கா?" என்ற கேள்விதான் வரும். அதே இடத்தில் பிரியம் என்றோ ஆசை என்றோ சொல்லியிருந்தால் கேலியாவது செய்திருப்பார்கள்.

அக்கறை நல்ல சொல்தான். ஆனால் நாம் அதை வைத்திருக்கும் இடம் கொஞ்சம் விசித்திரமானது. முக்கால்வாசி நேரம் 'இல்லை' என்ற சொல்லோடு சேர்ந்துதான் வெளியே வரும். படிப்புல அக்கறையே இல்ல. வீட்டு மேல அக்கறை இருந்தா இப்படிச் செய்வானா? இருக்கும்வரை யாரும் அதைப் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை, கரண்ட் மாதிரி. போனால்தான் பேச்சே. இல்லாவிட்டால் "ரொம்பத்தான் அக்கறை" என்று குத்தலுக்குப் பயன்படும். இன்னும் மேலே போனால் சினிமா விமர்சனத்தில் 'சமூக அக்கறை உள்ள இயக்குநர்' என்பார்கள். அதைப் படித்தவுடன் படம் ஓடவில்லை என்று எனக்குப் புரிந்துவிடும் :-)

இன்னொன்றும் கவனித்திருக்கிறேன். வேலையில் அக்கறை காட்டலாம், பைக்கின் மேல் அக்கறை காட்டலாம், தொட்டிச் செடி மேலும் காட்டலாம். மாதக் கணக்கு எழுதுவதில் யாருக்காவது பாசம் உண்டா? கிடையாது. அக்கறை இருக்கலாம். ரத்த சம்பந்தமோ பழக்கமோ வேண்டியதில்லை. முன்பின் தெரியாத டாக்டர் நம்மிடம் அக்கறையாக இருக்கலாம். மனசு நிறையாவிட்டாலும் கை செய்துகொண்டிருக்கும். அந்தச் சொல்லின் பெருமையும் அதுதான், குறையும் அதுதான் என்று எனக்குப் படுகிறது.

இவ்வளவு யோசிக்க வைத்தது அம்மா போனில் சொன்ன ஒரே ஒரு வாக்கியம்.

அப்பா 2017-இல் தவறினார். அம்பாசமுத்திரத்து வீட்டில் அம்மா ஒரு வருஷம் தனியாக இருந்தாள். 2018 கடைசியில் பெங்களூருக்கு, எங்களோடு வந்துவிட்டாள். ஜே.பி. நகரில் மூன்று மாடி, ஆறு வீடு, லிஃப்ட் இல்லாத கட்டடம். நல்லவேளையாக எங்களுக்குத் தரைத்தளம். வந்த கொஞ்ச நாளில் ஊரிலிருந்து சித்தி கூப்பிட்டாள். எப்படி இருக்கே என்று கேட்டிருப்பாள் போல. அம்மா சொன்னது எனக்குப் பக்கத்து அறையில் தெளிவாகக் கேட்டது.

"பிள்ளை அக்கறையாத்தான் பாத்துக்கிடுதான். ஒரு குறையும் இல்ல."

வெளியூரில் அம்மா அப்பாவை வைத்துக்கொண்டிருப்பவர்களுக்கு இந்த வாக்கியத்தை விளக்க வேண்டியதில்லை. 'அக்கறையாப் பாத்துக்கிடுதான்' என்று சொல்லியிருந்தால் பாராட்டு. அந்த 'தான்' சேர்ந்ததும் அதற்குப் பின்னால் ஒரு 'ஆனா' வந்து நின்றுகொள்கிறது. சொல்லப்படாத 'ஆனா'. அது என்ன என்று சித்தி கேட்கவுமில்லை, அம்மா சொல்லவுமில்லை. தமிழில் இரண்டு எழுத்துக்கு இவ்வளவு சக்தி இருக்கக் கூடாது.

அக்கறையில் குறை இல்லைதான். மாத்திரை டப்பாவில் காலை, மதியம், ராத்திரி என்று தனித்தனி அறை. மூன்று மாதத்துக்கு ஒருமுறை ரத்தப் பரிசோதனை. பாத்ரூமில் கைப்பிடி. என் மனைவி காலை எட்டு மணிக்கு ஆபீஸ் கிளம்புவதற்குள் மதியச் சாப்பாட்டையும் மூடி வைத்துவிட்டுப் போவாள். எல்லாம் நடந்தது. 2019 ஏப்ரல் வாக்கில் அம்மா, "ஊருக்கே போயிருதேன்யா, வீடு பூட்டிக் கிடக்கு, கறையான் அரிச்சிரும்" என்று ஆரம்பித்தாள். கறையான் ஒரு சாக்கு என்று அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

இந்தச் சமயத்தில்தான் கன்னடத்து அக்கரெ வீட்டுக்குள் வந்தது.

முதல் மாடியில் மண்டியாவிலிருந்து வந்த குடும்பம். மகனும் மருமகளும் வேலைக்குப் போகிறவர்கள். யு.கே.ஜி. படிக்கும் பேரன். பாட்டிக்கு இரண்டு முட்டியும் போய்விட்டது, படி இறங்க முடியாது. பள்ளி வேன் பகல் ஒரு மணிக்கு வரும். வாசலில் யாராவது நின்று பையனை வாங்க வேண்டும். அதற்கென்று வைத்திருந்த பெண் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிட்டாள். ஒரு நாள் வேன்காரர் ஹாரன் அடித்துக்கொண்டே இருக்க, அம்மா போய் வாங்கிக்கொண்டு வந்தாள். மறுநாளும் போனாள். அப்புறம் அது அவள் உத்தியோகமாகிவிட்டது.

அம்மாவுக்குக் கன்னடம் சுத்தமாகத் தெரியாது. மேல்வீட்டுப் பாட்டிக்குத் தமிழ் சினிமா வசனம் நாலு தெரியும். ஆளுக்கு ஒரு பாஷையில் பேசிக்கொண்டு இருவரும் எப்படி ஒரு மணி நேரம் ஓட்டினார்கள் என்பது எனக்கு இன்றுவரை மர்மம். மேலேயிருந்து பஸ்ஸாரு வரும். (மண்டியா, மைசூர் பக்கத்து ஐட்டம். கீரையும் பயறும் வேகவைத்த தண்ணீரை வடித்து அதிலேயே குழம்பு, வெந்ததைத் தாளித்துப் பொரியல். ராகி முத்தெயோடு சாப்பிட வேண்டும்.) கீழேயிருந்து சொதி போகும். பையன் திருநெல்வேலித் தமிழ் கற்றுக்கொண்டான். ஒரு நாள் அவன் அப்பாவைப் பார்த்து "ஏலே, வால" என்று சொல்லிவிட்டான். அவர் கீழே வந்து அதற்கு அர்த்தம் கேட்டார். அன்பாகக் கூப்பிடுவது என்று சொல்லி அனுப்பினேன். பொய்யில்லையே.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்தப் பாட்டி என் மனைவியிடம் சொன்னார்: "நிம்ம அத்தெகெ நம்ம ஹுடுகன மேலெ எஷ்டு அக்கரெ!"

பக்கத்தில் இருந்த அம்மாவுக்கு அந்த ஒரு சொல் மட்டும் புரிந்தது. புரிந்ததாக நினைத்தாள். உடனே கூச்சத்தோடு, "இதுல என்ன பெரிய அக்கறை, வாசல்ல நின்னு வாங்குதேன், அவ்வளவுதான" என்றாள். வேலையைப் பற்றிச் சொல்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டாள். அவர் சொன்னதோ மனசைப் பற்றி.

கன்னடத்தில் அக்கரெ என்றால் பிரியம். வாஞ்சை என்று நாம் எழுத்தில் சொல்கிறோமே, ஏறக்குறைய அது. பெரியவர்கள் சின்னவர்கள் மேல் வைக்கும் கனிவு அதில் தூக்கலாக இருக்கும். 'அக்கரெயிந்த' என்றால் பிரியமாக. கல்யாணப் பத்திரிகையில்கூடப் பார்த்திருக்கிறேன். போதாததற்கு அவர்கள் சர்க்கரைக்குச் சொல்வது 'சக்கரெ'. அக்கரெ, சக்கரெ என்று எதுகை இவ்வளவு வசதியாக அமைந்த பிறகு பாட்டு எழுதுகிறவர்கள் விடுவார்களா?

நம்முடைய கவனிப்பு என்ற பொருளில் அக்கறைக்கு அங்கே வேறு சொல், 'காளஜி'. அது மராட்டியிலிருந்து வந்தது. புனேயில் இருக்கும் நம்மவர்களுக்குத் தெரிந்திருக்கும். மராட்டியில் 'காள்ஜி' என்றால் கவனிப்பு, கவலை இரண்டும். உடம்பைப் பார்த்துக்கொள் என்பதற்கும் அதே சொல், கவலைப்படாதே என்பதற்கும் அதே சொல். பெற்றவர்களை விசாரித்தால் இரண்டும் ஒன்றுதான் என்பார்கள்.

சரி, தெலுங்குக்கு வருகிறேன். பெங்களூரில் இருந்துகொண்டு தெலுங்கு காதில் விழாமல் இருக்க முடியாது. 2004-இல் நான் இங்கே வந்த புதிதில் அறையில் ஒரு மதுரை நண்பனும் ஒரு கர்னூல் நண்பனும். மதுரைக்காரன் புதிதாக பைக் வாங்கியிருந்தான். மழை பெய்கிறது, உன்னை ஸ்டாப்பில் விடட்டுமா என்று கேட்டான். கர்னூல்காரன், "அக்கர்லேது" என்று சொல்லிவிட்டு நடந்தான். மதுரைக்காரனுக்கு வந்ததே கோபம். "மரியாதைக்குக் கேட்டா அக்கறை இல்லைன்னு சொல்றான் பாரு." இரண்டு நாள் பேச்சுவார்த்தை இல்லை. கர்னூல்காரன் சொன்னது 'தேவையில்லை, பரவாயில்லை' என்று. தெலுங்கில் அக்கர என்றால் தேவை, அவசியம். சுமதி சதகத்தில் மிகப் பிரபலமான ஒரு பாட்டு இந்தச் சொல்லோடுதான் தொடங்குகிறது. சமயத்துக்கு உதவாத சுற்றத்தை விட்டுத்தள்ளு என்று சொல்லும் பாட்டு. ஆந்திரா, தெலங்கானாவில் பள்ளியில் படித்தவர்களைக் கேட்டால் தூக்கத்திலும் சொல்வார்கள்.

மூன்றும் ஒரே வயிற்றுப் பிள்ளைகள் என்றுதான் நினைக்கிறேன். நாம் வல்லின ற போட்டு எழுதுகிறோம். தெலுங்கிலும் கன்னடத்திலும் பழைய காலத்தில் அந்த ஓசைக்குத் தனி எழுத்து இருந்தது. பிறகு அது ர-வோடு கலந்து மறைந்துவிட்டது. நமக்கு ற-வும் ர-வும் இன்னும் தனித்தனி. அதனால்தான் அவசரத்தில் 'உன்மேல் அக்கரை' என்று எழுதிவிட்டால் ஆளை ஆற்றுக்கு அந்தப் பக்கம் கொண்டுபோய் விட்டுவிடுகிறது.

இந்த மாதிரிச் சொற்களின் பூர்வீகத்தைத் தோண்டினால் வேடிக்கையாக இருக்கும். பாசம் என்று உருகுகிறோம். வடமொழியில் அதற்குக் கயிறு, சுருக்கு என்று பொருள். எமன் கையில் இருப்பதும் பாசம்தான். சைவ சித்தாந்தத்தில் பதி, பசு, பாசம் என்று சொல்லும்போது உயிரைக் கட்டும் தளை அது. கட்டும் கயிறு எப்போது கட்டிக்கொள்ளும் அன்பாயிற்றோ! சினேகம் இன்னும் மோசம். 'ஸ்நேக' என்றால் எண்ணெய்ப் பசை. ஆயுர்வேத மருத்துவமனையில் உடம்பு முழுக்க எண்ணெய் தேய்க்கும் சிகிச்சைக்கு ஸ்நேகனம் என்றுதான் பெயர். ஒட்டும், வழுக்கும், கறையும் படியும். மலையாளிகள் இதைத்தான் காதலிலிருந்து கடவுள் வரைக்கும் பயன்படுத்துகிறார்கள். பிரியம் தெலுங்குக்குப் போனால் விலை அதிகம் என்றும் ஆகிவிடுகிறது. அதில் அர்த்தம் இருக்கத்தான் செய்கிறது.

ஆனால் நாம் தொலைத்தது என்று எனக்கு வருத்தமாக இருப்பது கண்ணோட்டம். திருக்குறளில் 58-வது அதிகாரம் அந்தப் பெயரில் இருக்கிறது. வள்ளுவர் அதை அறத்துப்பாலில் வைக்கவில்லை, பொருட்பாலில், ஆளுகிறவனுக்கு வேண்டிய குணங்களோடு வைத்தார். பழகியவர்கள் மேல் கண் போய்த் தங்குவது, அதனால் மனசு இளகுவது. இன்றைக்குக் கண்ணோட்டம் என்றால் 'எனது கண்ணோட்டத்தில் இந்த பட்ஜெட்' என்பதாகிவிட்டது. கண் இன்னும் ஓடுகிறது, ஆள் மேல் போய் நிற்பதில்லை. இருந்தாலும் பழைய வழக்கம் வேறு வழியில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. யாரையாவது ரயிலேற்றிவிடும்போது நாம் என்ன சொல்கிறோம்? 'பார்த்துப் போ', 'உடம்பைப் பார்த்துக்கோ'. மலையாளத்தில் இதே இடத்துக்குக் 'கருதல்' என்று சொல் வைத்திருக்கிறார்கள், ஒருவரைப் பற்றி நினைத்து முன்கூட்டியே செய்து வைப்பது. அவர்கள் நினைக்கிறார்கள், நாம் பார்க்கிறோம்.

எங்கோ போய்விட்டேன். அம்மாவிடம் வருகிறேன்.

தெலுங்கில் தேவை, தமிழில் கவனிப்பு, கன்னடத்தில் பிரியம். இந்த மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோதுதான் அந்த 'ஆனா' என்னவென்று எனக்குப் பிடிபட்டது. அம்மாவுக்கு நடு அக்கறை தட்டாமல் கிடைத்துக்கொண்டிருந்தது. கன்னடத்து அக்கரெயும் வீட்டில் இல்லாமல் இல்லை, சொல்லிக்கொள்ள மாட்டோம், அவ்வளவுதான். இல்லாமல் போனது தெலுங்கு அக்கர. அவளால் ஆக வேண்டியது என்று இந்த ஊரில் எதுவுமே இல்லை. காய் நறுக்க உட்கார்ந்தால் "நீ விடும்மா, நறுக்கினதே வருது". துணி மடித்தால் "வேலைக்கு அக்கா வருவாங்கம்மா". பால் காய்ச்சப் போனால் "கேஸ் பக்கம் போகாதீங்க அத்தை". நகரத்தில் இருக்கும் நம் வீடுகளில் நாள் முழுக்க ஓடும் ரேடியோ இது. ஒவ்வொரு வாக்கியமும் அக்கறையில் பிறந்ததுதான், தனித்தனியாகப் பார்த்தால் ஒன்றிலும் தப்புச் சொல்ல முடியாது. கர்னூல்காரன் காதில் விழுந்தால் எல்லாவற்றையும் ஒரே சொல்லில் முடித்துவிடுவான்: அக்கர்லேது.

அம்பாசமுத்திரத்தில் அவளுக்கு எழுபது வயதிலும் வேலை இருந்தது. தெருவில் கைக்குழந்தை உள்ள வீட்டில் உரை மருந்து இழைத்துக் கொடுக்க அம்மா வேண்டும். மாவடு போட உப்பு அளவு சொல்ல அவள் வேண்டும். பூட்டிய வீட்டுச் சாவிகள் நாலைந்து எங்கள் ஆணியில்தான் தொங்கும். ஊருக்குப் போயிருதேன் என்றால் அந்தச் சாவிகளிடம் போயிருதேன் என்று அர்த்தம்.

மேல்வீட்டுப் பையனுக்கு ஒரு மணிக்கு அவள் வேண்டும். உண்மையாகவே வேண்டும். அவள் நிற்காவிட்டால் வேன் நிற்கும், மண்டியாப் பாட்டி மேலே பால்கனியில் கம்பியைப் பிடித்துக்கொண்டு தவிப்பார். அந்த ஜூன் மாதத்துக்கு அப்புறம் கறையான் பேச்சு வரவில்லை. மதியச் சாப்பாட்டை அவளே பண்ணிக்கொண்டாள், அவனுக்கும் சேர்த்து. 'கேஸ் பக்கம் போகாதீங்க' என்பதை எங்கள் வீட்டம்மா தானாகவே நிறுத்திக்கொண்டாள். நான் மட்டும் ஒரு விஷயத்தில் சண்டை போட்டேன், இன்றும் போடுவேன்: பையனைத் தூக்கிக்கொண்டு படி ஏறக் கூடாது. எழுபத்திரண்டு வயது, பழைய கட்டடம், உயரமான படி. "அவனா ஏறுதான், நான் பின்னால போறேன்" என்பாள். தூக்கிக்கொண்டு போனதை நான் ஒரு தடவை பார்த்திருக்கிறேன்.

2020 மார்ச்சில் வேன் நின்றுபோனது, பள்ளியே நின்றுபோனது. மேலே இரண்டு பேரும் லேப்டாப்பும் கையுமாக வீட்டுக்குள். பையன் பகல் முழுக்க எங்கள் வீட்டில். அம்மா அவனுக்குப் பல்லாங்குழி சொல்லிக்கொடுத்தாள். ஊர் உலகமே பயந்துகொண்டிருந்த அந்த மாதங்களில் எங்கள் வீட்டில் ஒருவர் மட்டும் சுறுசுறுப்பாக இருந்தார் என்றால் அது அவள்தான்.

என் பெண் அப்போது எட்டாம் வகுப்பு. பள்ளியில் கன்னடம் படிக்கிறவள், தெருவில் பேசுகிறவள். அவளிடம் இந்தச் சொல் குழப்பத்தைச் சொன்னேன். பாட்டியிடம் ஓடிப்போய், "பாட்டி, மேல்வீட்டு அஜ்ஜி அன்னிக்குச் சொன்னது அக்கறை இல்ல. உனக்கு அவன் மேல ரொம்பப் பிரியம்னு சொன்னாங்க" என்று விளக்கினாள். அம்மா கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. "அப்படியா சொன்னாவ?" என்று மட்டும் கேட்டாள்.

பெண்ணுக்கு அது பிடித்துப்போய் அன்றிலிருந்து வீட்டில் இரண்டு சொல்லையும் பிரித்துத்தான் பேசுகிறாள். ஒரு நாள் பாட்டி கழுத்தைக் கட்டிக்கொண்டு, "எனக்கு உம்மேல அக்கரெ மட்டுந்தான், அக்கறை கிடையாது" என்றாள்.

"அப்ப மாத்திரை எடுத்துக் குடுக்கது யாரு?"

"அது அப்பா டிபார்ட்மெண்ட்."

அம்மா சிரித்த சிரிப்பில் புரை ஏறி, தண்ணீர் எடுத்துக்கொண்டு நான்தான் ஓடினேன். என் டிபார்ட்மெண்ட் ஆயிற்றே.

2022-இல் மேல்வீட்டுக்காரர்கள் மைசூரில் வீடு கட்டிக்கொண்டு போய்விட்டார்கள். அம்மா ஆறு மாதம் இங்கே, ஆறு மாதம் அம்பாசமுத்திரம் என்று ஆகிவிட்டது. சாவிகள் திரும்ப ஆணிக்கு வந்துவிட்டதாகச் சித்தி சொன்னாள். இங்கே இருக்கும் மாதங்களில் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் மைசூருக்குப் போன் உண்டு. ஸ்பீக்கரைப் போட்டுவிட்டு இரண்டு பாட்டிகளும் ஆளுக்கு ஒரு பாஷையில் பேசுவார்கள். "அவுகளுக்கு இப்ப முட்டி தேவலையாம்" என்று எனக்குச் செய்தி வாசிக்கப்படும். எப்படிப் புரிந்தது என்று கேட்பதை நான் விட்டுவிட்டேன்.

போன வாரம் டிக்கெட் போடச் சொன்னாள். திருநெல்வேலிக்குத்தானே என்று நாகர்கோவில் எக்ஸ்பிரஸில் இடம் பார்க்க ஆரம்பித்தேன்.

"அதுக்கு இன்னும் நாள் கிடக்கு. மைசூருக்குப் போடுய்யா. அவுக மருமவளுக்கு ஏதோ ஆபரேஷனாம், பத்து நாள் பிள்ளைக்குச் சோறு போட ஆள் வேணுமாம்."

"அவங்க கூப்பிட்டாங்களாம்மா?"

"கூப்பிடாமலா போறேன்?"

சாமுண்டி எக்ஸ்பிரஸில் இரண்டு டிக்கெட் போட்டிருக்கிறேன், கொண்டுபோய் விட்டுவிட்டு நான் திரும்பிவிடுவேன். மாத்திரையைப் பத்து நாளைக்கு டப்பாவில் பிரித்து வைத்தாயிற்று. மைசூரில் நல்ல தேங்காய் கிடைக்குமா என்று நேற்று கேட்டாள். கிடைக்கும் என்று சொன்னேன். நம்பிக்கை இல்லாமல் நாலு தேங்காயை உரித்துப் பைக்குள் வைத்திருக்கிறாள்.